வரையாத கை: இசாவோ தகாஹாதா என்ன வேலை செய்தார்?

கேள்வி இது: "இசாவோ தகாஹாதாவுக்குப் படம் வரையவே தெரியாது என்கிறார்கள். அப்படியென்றால் அவர் எப்படி அனிமேஷன் இயக்குநர் ஆனார்? மியாசாகியின் ஆரம்பப் படங்களில் தயாரிப்பாளர் என்று வேறு அவர் பெயர் வருகிறதே, உண்மையில் அவர் செய்த வேலைதான் என்ன?"

முதல் பாதிக்கு நேரடியாகவே பதில் சொல்லிவிடலாம். ஆமாம், அவருக்கு வரையத் தெரியாது. ஓவியராக ஒரு நாளும் வேலை பார்த்ததில்லை. ஜப்பானிய அனிமேஷனில் பெரும்பாலான இயக்குநர்கள் பென்சில் பிடித்து மேலே வந்தவர்கள். 'டோட்டோரோ' எடுத்த ஹயாவோ மியாசாகி தன் படத்தின் ஆயிரக்கணக்கான தாள்களைத் தானே எடுத்துத் திருத்துவார், தேவைப்பட்டால் அழித்துவிட்டு மறுபடி வரைவார். தகாஹாதாவால் அது முடியாது. ஓவியர் பக்கத்தில் உட்கார்ந்து பேசுவார். எளிய கோட்டுருவம் ஒன்றைக் கிறுக்கிக் காட்டுவார். இந்தப் பெண் ஏன் இப்போது எழுந்திருக்கிறாள், எழும்போது கை எங்கே ஊன்றும், அவள் கட்டியிருக்கும் துணி எவ்வளவு கனமானது என்று கேட்டுக்கொண்டே இருப்பார்.

அதனால் ஒவ்வொரு படத்துக்கும் அவர் ஒரு கையைத் தேட வேண்டியிருந்தது. யாருடைய கை கிடைத்ததோ அதற்கேற்பப் படத்தின் முகமே மாறியது. 'ஹைடி', 'கிரேவ் ஆஃப் த ஃபயர்ஃப்ளைஸ்', 'மை நெய்பர்ஸ் த யமதாஸ்', 'த டேல் ஆஃப் த பிரின்சஸ் காகுயா' நான்கையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒரே ஆள் இயக்கியவை என்று தெரியாதவர்களால் ஊகிக்கவே முடியாது. தனக்கென்று ஒரு கோடு இல்லாததால்தான் எந்தக் கோட்டையும் அவரால் கேட்டு வாங்க முடிந்தது என்பது என் எண்ணம். அவருடைய அரை நூற்றாண்டுக்கும் மேலான வேலையை இப்படித்தான் நான் புரிந்துவைத்திருக்கிறேன். தயாரிப்பாளர் தகாஹாதாவும் இதே இடத்திலிருந்து வந்தவர்தான்.

அவர் பிறந்தது 1935 அக்டோபர் 29, மியே மாகாணத்தில், இன்று இசே எனப்படும் ஊரில். ஏழு பிள்ளைகளில் கடைக்குட்டி. அப்பா பள்ளித் தலைமை ஆசிரியர். குடும்பம் ஒகயாமாவுக்குக் குடிபெயர்ந்திருந்தபோது, 1945 ஜூன் 29 அதிகாலையில் அந்த நகரத்தின் மேல் தீக்குண்டுகள் விழுந்தன. ஒன்பது வயதுப் பையன், அக்கா ஒருத்தியோடு மற்றவர்களைவிட்டுப் பிரிந்து, எரியும் தெருக்களில் வெறுங்காலோடு ஓடினான். அந்தப் பையன் நாற்பத்து மூன்று ஆண்டுகள் கழித்து எடுத்த படத்தைப் பற்றிக் கீழே வருகிறேன்.

படித்தது டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம். மாணவராக இருந்தபோது, பால் கிரிமோ இயக்கி ஜாக் பிரெவெர் எழுதிய ஒரு பிரெஞ்சு அனிமேஷன் படத்தைப் பார்த்தார். பிற்பாடு கிரிமோவே திருத்தி முடித்து 'ராஜாவும் பறவையும்' என்று வெளியிட்ட படத்தின் முதல் வடிவம் அது. கார்ட்டூனில் சிந்தனையைச் சொல்ல முடியும் என்று அன்று புரிந்துகொண்டதாகப் பின்னாளில் பலமுறை சொன்னார். 1959-இல் பட்டம் வாங்கிய கையோடு டோயி தோகா என்ற அனிமேஷன் நிறுவனத்தில் உதவி இயக்குநராகச் சேர்ந்தார். ஜப்பானிய ஸ்டூடியோக்களில் 'என்ஷுத்சு' என்றொரு பொறுப்பு உண்டு. கதையை எப்படிக் காட்டுவது என்று முடிவு செய்கிற ஆள் அவர். 'சகுகா காந்தோகு' என்பவர் வரைபடங்களுக்குப் பொறுப்பு. இரண்டும் தனித்தனி வேலைகள் என்பதால்தான் இலக்கியம் படித்த ஒருவருக்கு அங்கே இடம் இருந்தது. முதலில் 'ஓநாய்ச் சிறுவன் கென்' என்ற தொலைக்காட்சித் தொடரில் சில அத்தியாயங்களை இயக்கினார்.

டோயியில் அவருக்குத் தொழிற்சங்கம்தான் இரண்டாவது பள்ளிக்கூடம். தகாஹாதா சங்கத்தின் துணைத்தலைவர், அவரைவிட ஐந்து வயது இளையவரான மியாசாகி செயலாளர். ஒரு படத்தை எல்லோரும் சேர்ந்து பேசி உருவாக்கலாம் என்ற நம்பிக்கை அந்தச் சங்கக் கூட்டங்களில் பிறந்ததுதான். மூத்த அனிமேட்டர் யாசுவோ ஓட்சுகாவை ஒரு முழுநீளப் படத்துக்கு சகுகா காந்தோகுவாக நிறுவனம் நியமித்தபோது, தகாஹாதா இயக்கினால்தான் செய்வேன் என்று அவர் நிபந்தனை போட்டார். அப்படித்தான் 'ஹோருஸ்: சூரியனின் இளவரசன்' தொடங்கியது. வட ஜப்பானின் பழங்குடிகளான ஐனு மக்களின் கதையை அடிப்படையாகக் கொண்ட பொம்மலாட்ட நாடகம் ஒன்றுதான் மூலம். நிறுவனம் தயங்கியதால் களம் வடதேசம் ஒன்றாக மாறியது.

1965-இல் ஆரம்பித்த வேலை 1968-இல்தான் முடிந்தது. நடுவில் பணம் தீர்ந்து, ஓநாய்கள் கிராமத்தைத் தாக்கும் காட்சியும் எலிக்கூட்டம் பாயும் காட்சியும் அசையாத படங்களாகவே நின்றுபோயின. இன்றும் படத்தில் அப்படியேதான் இருக்கின்றன. ஜூலையில் வெளிவந்து சுமார் பத்து நாட்களில் தியேட்டரைவிட்டுப் போய்விட்டது. டோயி அதற்கப்புறம் அவருக்கு முழுநீளப் படம் இயக்கும் வாய்ப்பே கொடுக்கவில்லை. ஆனால் அந்தப் படத்தில் ஹில்டா என்றொரு பெண் வருகிறாள். சாத்தானின் தங்கையாகவும் கிராமத்துக்காரர்களின் தோழியாகவும் ஒரே நேரத்தில் இருக்க வேண்டியவள், பாடும்போதே உள்ளே பிளந்துபோகிறவள். அதுவரை ஜப்பானிய அனிமேஷனில் இப்படி உள்ளுக்குள்ளேயே சண்டை போடுகிற ஒரு பாத்திரம் இல்லை. யாசுஜி மோரியின் பென்சில்தான் அவளுக்கு முகம் கொடுத்தது. கேட்டு வாங்கியவர் தகாஹாதா.

1971-இல் அவரும் மியாசாகியும் யோய்ச்சி கோதாபேயும் டோயியைவிட்டு வெளியேறினார்கள். ஸ்வீடன் நாட்டுச் சிறுவர் கதையான பிப்பி லாங்ஸ்டாக்கிங்கைத் தொடராக எடுக்கும் திட்டம் அது. மியாசாகி ஸ்வீடனுக்கே போய்வந்தார், எழுத்தாளர் ஆஸ்ட்ரிட் லிண்ட்கிரன் அனுமதி தரவில்லை. தட்டுத்தடுமாறிக்கொண்டிருந்த முதல் 'லூபன்' தொலைக்காட்சித் தொடரை நடுவில் கையில் எடுத்தார்கள். 'பாண்டா! கோ பாண்டா!' என்ற குறும்படத்தை 1972-இல் குழந்தைகளுக்காகச் செய்தார்கள். குழந்தைகள் தியேட்டரில் சேர்ந்து பாடியது இருவருக்கும் பெரிய தெம்பு.

அப்புறம் 1974, 'ஆல்ப்ஸ் சிறுமி ஹைடி'. 52 வாரம். இதைப் பற்றி நிறையப் பேசலாம். ஒரு தொலைக்காட்சித் தொடருக்காக ஓவியர்களை ஸ்விட்சர்லாந்துக்கே அழைத்துப்போய்ப் பார்க்கவைப்பது அன்றைக்கு யாரும் செய்யாத காரியம். தகாஹாதா போய்வந்ததும் எடுத்த முடிவுதான் முக்கியம்: இந்தத் தொடரில் வில்லன் தேவையில்லை, சாகசம் தேவையில்லை. காலையில் எழுந்து, வைக்கோலில் படுக்கை செய்து, ஆடு மேய்த்து, பாலாடைக்கட்டியை நெருப்பில் வாட்டிச் சாப்பிடுவதே போதும். இவ்வளவு சாதாரணமான விஷயத்தை ஒவ்வொரு வாரமும் சலிக்காமல் காட்டுவதற்கு அசைவு துல்லியமாக இருக்க வேண்டும், இடம் துல்லியமாக இருக்க வேண்டும். அதற்காக 'லேஅவுட்' என்ற முறையை இறுக்கிப் பிடித்தார்கள். ஒவ்வொரு ஷாட்டிலும் பாத்திரம் எங்கே நிற்கிறது, பின்னணி எங்கே தொடங்குகிறது, கேமரா எந்த உயரத்தில் இருக்கிறது என்பதை முன்கூட்டியே ஒரே தாளில் வரைந்துவிடும் முறை அது. 52 அத்தியாயங்களுக்கும் அந்த லேஅவுட்களை மியாசாகி ஒருவரே போட்டார். இன்றும் ஜப்பானிய ஸ்டூடியோக்களில் லேஅவுட் என்றால் இந்தத் தொடரில் நிலைபெற்ற முறையைத்தான் சொல்கிறார்கள். ஐரோப்பாவில் ஸ்பெயின், இத்தாலி, ஜெர்மனியில் ஹைடி பார்த்து வளர்ந்த ஒரு தலைமுறையே உண்டு. அவர்களில் பலருக்கு அது ஜப்பானில் செய்தது என்றே தெரியாது.

1976-இல் 'தாயைத் தேடி மூவாயிரம் காதம்'. ஜெனோவாவிலிருந்து அர்ஜென்டினா வரை அம்மாவைத் தேடிப் போகும் மார்கோவின் கதை. மூலம் ஒரு சிறுகதை அளவுதான், அதை 52 வாரமாக நீட்டினார். நீட்டிய இடத்தில் என்ன வைத்தார் என்று பார்த்தால் வாடகை, கூலி, ஏழைகளுக்கு இலவச மருத்துவமனை நடத்திக் கடனில் மூழ்கிய அப்பா. அம்மா வேலை தேடி ஏன் கடல் கடக்க வேண்டியிருந்தது என்று ஒரு குழந்தைக்குப் புரியும்படி சொன்ன தொடர் அது. 1979-இல் 'ஆன் ஆஃப் க்ரீன் கேபிள்ஸ்', 50 அத்தியாயம். இதன் பதினைந்தாவது அத்தியாயத்தோடு மியாசாகி விலகி, தன் முதல் முழுநீளப் படத்தை இயக்கப் போனார். இரண்டு பேருடைய பாதைகளும் இங்கேதான் பிரிகின்றன. யோஷிஃபுமி கொந்தோ என்ற இளைஞர் ஆனின் முகத்தை வடிவமைத்தார். தகாஹாதாவுக்கு அடுத்த கை கிடைத்துவிட்டது.

1981-இல் ஓசாகா பேச்சுவழக்கில், ஓசாகா நகைச்சுவை நடிகர்களின் குரலில் 'ஜாரின்கோ சியே'. 1982-இல் 'செலோ வாசிக்கும் கோஷு', 63 நிமிடம். ஓ! ப்ரொடக்ஷன் என்ற சிறிய ஸ்டூடியோவின் ஓவியர்கள் மற்ற வேலைகளுக்கு நடுவே ஏறத்தாழ ஆறு வருடம் செதுக்கிய படம். வாசிக்கத் தெரியாத செலோக்காரனிடம் இரவுதோறும் ஒவ்வொரு மிருகமாக வந்து கேட்கிறது, கேட்கக் கேட்க அவன் தேறுகிறான். தகாஹாதா படங்களிலேயே எனக்கு மிகவும் நெருக்கமானது இது.

இப்போது தயாரிப்பாளர் விஷயத்துக்கு வருகிறேன். கேள்வி கேட்டவர் எதிர்பார்த்திருக்கக் கூடியதைவிட இது சுவாரசியமான கதை.

'அனிமேஜ்' என்ற அனிமேஷன் பத்திரிகையின் தோஷியோ சுசூகி முதன்முதலில் தகாஹாதாவைத் தொடர்புகொண்டது 1978-இல், ஹோருஸைப் பற்றி ஒரு சிறிய கருத்து வாங்குவதற்காக. தான் ஏன் அதைப் பற்றிப் பேச விரும்பவில்லை என்பதை தகாஹாதா ஒரு மணி நேரம் தொலைபேசியில் விளக்கினார் என்று சுசூகி பிற்பாடு எழுதியிருக்கிறார். அதே பத்திரிகையில் மியாசாகி வரைந்துவந்த 'நௌசிகா' காமிக்ஸ் படமாகப் போகும் நேரம் வந்தது. மியாசாகி ஒரே ஒரு நிபந்தனை வைத்தார்: பாகு-சான் தயாரிப்பாளராக இருக்க வேண்டும். தாமதமாக வேலைக்கு வந்து ரொட்டியைப் பாகு பாகு என்று வேகமாகத் தின்பார் என்பதால் தகாஹாதாவுக்கு வந்த பட்டப்பெயர் அது.

சுசூகி நாள்தோறும் அவர் வீட்டுக்குப் போனார். தகாஹாதாவிடம் ஒரு நோட்டுப்புத்தகம் இருந்தது. தயாரிப்பாளர் என்றால் யார், ஜப்பானில் என்னென்ன வகை, அமெரிக்காவில் எப்படி என்றெல்லாம் ஆராய்ந்து எழுதி நிரப்பிவைத்திருந்தார். கடைசி வரியில், ஆகவே நான் இந்த வேலைக்குப் பொருத்தமானவன் இல்லை என்ற முடிவு. சுசூகி திரும்பிப்போய்ச் சொன்னதும் மியாசாகி அவரை மதுக்கடைக்கு அழைத்துப்போனார். என் இளமை முழுவதையும் தகாஹாதாவுக்குக் கொடுத்தேன், எனக்கு எதுவும் திருப்பித் தரவில்லை என்று கண்ணீர்விட்டார். மறுபடி ஓடிய சுசூகி, வாழ்க்கையில் முதல்முறையாக தகாஹாதாவிடம் குரலை உயர்த்தினார்: நண்பர் உதவி கேட்கிறார், நீங்கள் செய்யமாட்டீர்களா? தகாஹாதா மன்னிப்புக் கேட்டு ஒப்புக்கொண்டார். இது முழுக்க சுசூகி சொல்லும் கதை. ஆனால் மூன்று பேருடைய சுபாவமும் இதில் அப்படியே தெரிகிறது.

ஒப்புக்கொண்ட பிறகு அவர் பெயருக்குத் தயாரிப்பாளராக உட்காரவில்லை. டாப்கிராஃப்ட் ஸ்டூடியோவில் ஆட்களையும் நாட்களையும் கணக்குப் பார்த்து ஓட்டினார். அவரே இயக்கும்போது ஒருநாளும் மதிக்காத காலக்கெடுவை, மியாசாகிக்காக இம்மி பிசகாமல் காத்தார். படம் 1984 மார்ச் 11-ஆம் தேதி சொன்னபடி வெளியானது. இசைக்கு அப்போது அதிகம் அறியப்படாத ஜோ ஹிசாய்ஷியை நிலைநிறுத்தியதில் தகாஹாதாவின் பங்கு பெரியது. இசை விஷயத்தில் அவர் காது அபாரமானது, மியாசாகியும் அதை முழுமையாக நம்பினார். கதாநாயகி கடைசியில் உயிர்த்தெழ வேண்டும் என்று மியாசாகியிடம் வாதாடியதும் தகாஹாதாவும் சுசூகியும்தான். எல்லாம் முடிந்து வெற்றியும் பெற்ற பிறகு, தயாரிப்பாளராக முழுத் திருப்தி, நண்பராக என் மதிப்பெண் 30 என்று பேட்டியில் சொல்லிவிட்டார். மியாசாகியால் இதைவிட எவ்வளவோ மேலே போக முடியும் என்று நம்பியதால் சொன்னது. மியாசாகிக்குக் கோபம் வந்தது. அடுத்த படத்துக்கும் தயாரிப்பாளர் இவர்தான்.

அந்த அடுத்த படம் உருவான விதம் இன்னும் அழகானது. நௌசிகாவில் கிடைத்த பணத்தில், நண்பர் ஒரு படம் எடுக்கட்டும் என்று மியாசாகி முன்வந்தார். கியூஷு தீவில் யனகாவா என்ற கால்வாய் நகரத்தில் ஒரு அனிமேஷன் கதை எடுக்கலாம் என்று தகாஹாதா பார்க்கப் போனார். அங்கே சாக்கடையாகிப்போன கால்வாய்களை மூடிவிட மாநகராட்சி முடிவெடுத்திருந்ததும், நீர்வழித் துறையின் ஒரு அதிகாரி அதைத் தடுத்து, ஊர்மக்களைக் கூட்டிச் சேறு அள்ளி நீரை மீட்டெடுத்ததும் தெரியவந்தது. அனிமேஷன் எண்ணம் கைவிடப்பட்டது. நிஜ கேமராவை எடுத்துக்கொண்டு, நீர் எங்கிருந்து வருகிறது, மதகு எப்படி வேலை செய்கிறது, யார் எப்போது தூர் வாருகிறார்கள் என்று இரண்டே முக்கால் மணி நேர ஆவணப்படம் எடுத்தார். 1987-இல் வெளியானது. ஏரி, கண்மாய், குடிமராமத்து என்ற சொற்களோடு வளர்ந்த நமக்கு அந்தப் படத்தில் அந்நியமான விஷயம் ஒன்றுமே இருக்காது. பணம் நடுவழியிலேயே தீர்ந்துவிட்டது. வீட்டை அடகுவைக்கலாமா என்று யோசித்த மியாசாகியிடம், இன்னொரு படம் எடுத்துச் சம்பாதியுங்கள் என்றார் சுசூகி. மியாசாகி அப்படி எடுத்ததுதான் 'லபுதா'. அதற்காகவே 1985 ஜூனில் ஸ்டூடியோ கிப்லி தொடங்கப்பட்டது. ஒரு கால்வாய் ஆவணப்படத்தின் கடன், உலகத்தின் புகழ்பெற்ற அனிமேஷன் ஸ்டூடியோக்களில் ஒன்றுக்கு ஒரு காரணமாக அமைந்தது!

கிப்லியில் அவர் இயக்கிய முதல் படம் 'கிரேவ் ஆஃப் த ஃபயர்ஃப்ளைஸ்'. 1988 ஏப்ரல் 16 அன்று 'டோட்டோரோ'வோடு ஒரே டிக்கெட்டில் இரண்டு படமாக வெளியானது. டோட்டோரோவுக்குத் தனியாகப் பணம் போட யாரும் தயாராக இல்லை. நோசாகா அகியுகியின் கதையை வெளியிட்ட ஷின்சோஷா பதிப்பகம் ஃபயர்ஃப்ளைஸுக்கு முன்வந்ததால்தான் இரண்டும் பிழைத்தன. இரண்டு இயக்குநர்களும் ஒரே ஆளைக் கேட்டார்கள், கொந்தோவை. அவர் தகாஹாதா பக்கம் வந்தார்.

நோசாகா 1945-இல் தன் தங்கையைப் பசிக்குப் பறிகொடுத்தவர். தகாஹாதா தீயில் ஓடியவர். அதனால் இந்தப் படத்தில் குண்டு எப்படி விழும், கூரையில் எப்படிச் சிந்தி எரியும் என்பதில் ஒரு துளி மிகையும் கிடையாது. வழக்கமாகக் கறுப்பில் போடும் வெளிக்கோடுகளை இந்தப் படத்தில் பழுப்பில் போட்டார்கள். உருவங்கள் பின்னணியோடு மெல்ல ஒட்டிக்கொள்ளும். கதையில் வரும் சின்னத் தங்கை செத்சுகோவுக்குக் குரல் கொடுக்க உண்மையாகவே சின்னக் குழந்தையைப் பிடித்து, அவள் பேச்சை முதலில் பதிவுசெய்து, அதற்கேற்ப உதடுகளை வரைந்தார்கள். படம் வரைந்துவிட்டு டப்பிங் பேசுவதுதான் ஜப்பானிய வழக்கம். தகாஹாதா இதைத் தலைகீழாக்கினார், பிற்பாடு இன்னும் பெரிதாகச் செய்தார்.

படம் குறித்த தேதிக்கு முடியவில்லை. வெளியான அன்று ஓரிரு காட்சிகள் வண்ணமே பூசப்படாமல், வெறும் கோடுகளாகத் திரையில் ஓடின. அவள் அண்ணன் சேய்தா காய்கறி திருடிப் பிடிபடும் காட்சி அப்படித்தான் போனது. மியாசாகிக்காகத் தேதியைக் காத்த அதே மனிதர், தன் படத்துக்கு என்று வந்தபோது விட்டுவிட்டார்.

பலரும் இதைப் போர் எதிர்ப்புப் படம் என்று சொல்வார்கள். அதற்காக எடுக்கவில்லை என்று தகாஹாதா அழுத்தமாகச் சொல்லிவந்தார். அத்தையின் சுடுசொல் தாங்காமல், எல்லோரையும் விட்டு விலகித் தங்கையும் தானுமாக ஒரு குட்டி உலகம் அமைத்துக்கொள்ளும் பையனை அவர் தன் காலத்து இளைஞர்களிடம் பார்த்தார். நாமும் அப்படித்தானே செய்திருப்போம் என்று அவர்கள் யோசிக்க வேண்டும் என்று நினைத்தார். படத்தை மறுபடி பார்க்கத் துணிவு இருப்பவர்கள் அத்தை வீட்டுக் காட்சிகளைக் கவனியுங்கள். அவளை முழுக் கொடுமைக்காரியாக அவர் காட்டவே இல்லை.

1991-இல் 'ஒன்லி எஸ்டர்டே'. இப்போது தலைகீழ், தயாரிப்பாளர் மியாசாகி. மூலமான மங்காவில், அதாவது ஜப்பானிய காமிக்ஸில், பத்து வயதுச் சிறுமியின் சின்னச் சின்ன நினைவுகள் மட்டும்தான். தகாஹாதா 27 வயது தாயேகோவைச் சேர்த்து, டோக்கியோ அலுவலகத்திலிருந்து விடுமுறைக்கு யமகாதாவின் குசும்பப்பூ வயலுக்கு அனுப்பினார். 1966-இன் நினைவுகளில் பின்னணி ஓரங்கள் வெளுத்து மறைந்துபோகும், நிகழ்காலத்தில் ஒவ்வொரு புல்லும் தெரியும். நடிகர்களின் பேச்சை முதலில் பதிவுசெய்து, அவர்கள் சிரிக்கும்போது கன்னத்தில் விழும் கோடுகளைக்கூட வரையவைத்தார். அந்தக் கன்னக் கோடுகள் வயதைக் கூட்டிக் காட்டுகின்றன என்று குறை சொல்பவர்கள் உண்டு. எனக்கும் முதல்முறை அப்படித்தான் இருந்தது. ஆனால் வேலைக்குப் போய்க் களைத்த ஒரு பெண்ணின் முகத்தை அனிமேஷனில் பார்த்தது அதுவே முதல்முறை என்று பிறகு புரிந்தது. அந்த ஆண்டு ஜப்பானியப் படங்களில் வசூலில் முதலிடம் இதற்குத்தான்.

1994-இல் 'போம் போகோ', தாமா குன்றுகளில் அடுக்குமாடிக் குடியிருப்புகளுக்கு இடம் விட்டு ஓடும் தனுகிகளின், அதாவது ரக்கூன் நாய்களின் கதை. ஒரே விலங்கை நிஜ விலங்காக, இரண்டு காலில் நடக்கும் ஆளாக, பழைய காமிக்ஸ் உருவமாக என்று நொடிக்கு நொடி மாற்றிக்காட்டுவார். 1999-இல் 'யமதாஸ்'. கிப்லியின் முதல் முழு டிஜிட்டல் படம், பார்த்தால் தாளில் தண்ணீர் வண்ணம் தொட்டதுபோல இருக்கும். கோடு இடையிடையே விட்டுப்போவதால், எங்கே வண்ணம் நிற்க வேண்டும் என்பதற்குத் தனியாக வேறு கோடுகள் வரைய வேண்டியிருந்தது. வழக்கத்தைவிட மும்மடங்கு தாள். வசூல் பரிதாபம். கிப்லிக்குப் பெரிய நஷ்டம்.

ஆனால் நிப்பான் டிவியின் தலைவர் செய்இச்சிரோ உஜியேவுக்கு அந்தத் தோல்விப் படம்தான் பிடித்திருந்தது. சாவதற்குள் தகாஹாதாவின் இன்னொரு படத்தைப் பார்க்க வேண்டும், பணம் நான் தருகிறேன் என்றார். எட்டு ஆண்டுகள் ஆனது. சுமார் 500 கோடி யென் செலவானதாகச் செய்தி வந்தது. உஜியே 2011-இல் இறந்துபோனார், படம் 2013 நவம்பரில்தான் வந்தது.

அதுதான் 'காகுயா'. மூங்கிலுக்குள் கிடைத்த நிலவுப் பெண்ணின் பழைய கதை. டோயியில் சேர்ந்த புதிதில், இந்தக் கதையைப் படமாக்க ஊழியர்களிடம் யோசனை கேட்டபோதே தகாஹாதா இதைப் பற்றி யோசித்துக் குறிப்பு எழுதியவர். யமதாஸில் கண்டுபிடித்த ஒசாமு தனாபே என்ற ஓவியரின் கைதான் இந்தப் படத்தின் உயிர். முதலில் தகாஹாதா ஹெய்கே போர்க் காவியத்தை எடுக்க விரும்பினார், மனிதர்கள் ஒருவரையொருவர் கொல்வதை வரைய விருப்பமில்லை என்று தனாபே சொன்னதும் அந்தத் திட்டம் நின்றது. இயக்குநர் ஓவியருக்காகக் கதையையே மாற்றிக்கொண்டார். அவர் எப்படி வேலை செய்தார் என்று கேட்டால் நான் இந்தச் சம்பவத்தைத்தான் சொல்வேன்.

விருந்து நடக்கும் மாளிகையிலிருந்து காகுயா ஓடும் காட்சியைப் பாருங்கள். கதவுகள் பிய்கின்றன, அடுக்கடுக்கான உடைகள் ஒவ்வொன்றாக உதிர்கின்றன, கோடு கரிக்கட்டையால் கிழித்ததுபோலக் கலைந்து, முகமே ஒரு சிக்கலாக மாறிவிடுகிறது. சுத்தமான கோட்டில் கோபத்தைக் காட்ட முடியாது என்பது அவர் வாதம். முதல் கிறுக்கலில் இருக்கும் வேகம், மைபூசிச் சரிசெய்யும்போது செத்துவிடுகிறது. அந்த முதல் கிறுக்கலையே இரண்டேகால் மணி நேரத்துக்கும் மேலே திரையில் அசையவைக்கத்தான் எட்டு ஆண்டுகள். படத்தின் நீளம் 137 நிமிடம். மூங்கில்வெட்டிக்குக் குரல் கொடுத்த தாகேயோ சீ 2012-இல் காலமானார். பேச்சை முன்பே பதிவுசெய்யும் வழக்கத்தால் அவர் குரல் படத்தில் தங்கியது. படத்தில் வரும் குழந்தைப் பாட்டின் மெட்டை தகாஹாதாவே போட்டார். எழுபதைத் தாண்டிய மனிதர், ஹாட்சுனே மிகு என்ற கணினிப் பாடகியின் குரலில் அதைப் பாடவைத்து ஹிசாய்ஷிக்குக் கொடுத்தார். படம் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது, கிடைக்கவில்லை. செலவில் பாதிகூடத் தேறியிருக்காது. எனக்குத் தெரிந்து அனிமேஷனில் இதற்கு ஈடான கோடு வேறு எங்கும் இல்லை.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். இந்தப் படங்களுக்கு விலை கொடுத்தது பணம் போட்டவர்கள் மட்டும் இல்லை. அவரோடு வேலை செய்தவர்கள் உடலும் மனமும் நொந்துபோனதை சுசூகி வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார். காகுயாவின் தயாரிப்பாளர் யோஷியாகி நிஷிமுரா இருபதுகளில் உள்ளே போய், முப்பதுகளின் நடுவில் வெளியே வந்தார். ஒரு இளைஞனின் எட்டு வருடம். எனக்கு தகாஹாதா மேல் இவ்வளவு பிரியம் இருந்தும், அவர் கேட்டதெல்லாம் நியாயமாகத்தான் கேட்டார் என்று என்னால் சொல்ல முடியவில்லை. நல்ல படத்துக்கு அது தேவைதான் என்று சொல்லி நகர்ந்துவிடுவதும் எனக்குச் சரியாகப் படவில்லை.

இயக்கம், தயாரிப்பு தவிர மற்ற வேலைகளும் உண்டு. பிரெவெரின் கவிதைகளை ஜப்பானிய மொழிக்குக் கொண்டுவந்தார். பன்னிரண்டாம் நூற்றாண்டின் சுருள் ஓவியங்களை எடுத்துக்கொண்டு, சுருளை விரிக்க விரிக்கக் கதை நகரும் விதத்தில் அனிமேஷனின் வேர் இருக்கிறது என்று ஒரு புத்தகமே எழுதினார். கடைசியாக மறுபடி தயாரிப்பாளர் நாற்காலி: 2016-இல் வந்த 'ரெட் டர்ட்டில்'. நெதர்லாந்துக்காரர் மிக்காயேல் டுடோக் டெ வித் இயக்கிய படம், தகாஹாதா கலைத் தயாரிப்பாளர். ஒரு வார்த்தை வசனம் இல்லாத படம். முதலில் கொஞ்சம் வசனம் இருந்தது. கிப்லி தரப்பிலிருந்துதான் அதை எடுத்துவிடலாம் என்ற யோசனை போனது.

2018 ஏப்ரல் 5 அன்று, 82 வயதில், நுரையீரல் புற்றுநோயால் காலமானார். மே 15-ஆம் தேதி கிப்லி அருங்காட்சியகத்தில் நடந்த அஞ்சலிக் கூட்டத்தில் மியாசாகி பேசினார், அடிக்கடி குரல் உடைந்து நின்றார். 1963-இல் மழை விட்ட ஒரு மாலை, பேருந்து நிறுத்தத்தில், ஈரத் தெருவில் நடந்துவந்த 27 வயது தகாஹாதா தன்னிடம் முதன்முதலாகக் கேட்ட கேள்வியை 55 ஆண்டு கழித்தும் அப்படியே சொன்னார். பேருந்து எங்கே போகிறது என்பதுபோல மிகச் சாதாரணமான ஒரு கேள்விதான் அது.

எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது என்று அடுத்து கேட்பீர்கள். ஃபயர்ஃப்ளைஸில் தொடங்க வேண்டாம். பெரும்பாலானவர்கள் அதை ஒருமுறை பார்த்துவிட்டு, கனம் தாங்காமல் அவர் பக்கமே திரும்புவதில்லை. வீட்டில் குழந்தைகள் இருந்தால் ஹைடியின் முதல் இரண்டு அத்தியாயங்களை அவர்களோடு சேர்ந்து பாருங்கள். ஹைடி மலையேறும்போது, அத்தை ஒன்றன்மேல் ஒன்றாக மாட்டிவிட்ட உடைகளை ஒவ்வொன்றாகக் கழற்றிப் போட்டுவிட்டு உள்ளாடையோடு ஆடுகளின் பின்னால் ஓடுவாள். அது முடிந்ததும் காகுயாவில் அந்த ஓட்டக் காட்சியை மட்டும் போட்டுப் பாருங்கள். இரண்டுக்கும் நடுவே முப்பத்தொன்பது ஆண்டுகள், வரைந்த கைகள் வேறு வேறு. இரண்டு பெண்களும் உடைகளைக் கழற்றிப் போட்டுக்கொண்டு மலையைப் பார்த்துத்தான் ஓடுகிறார்கள்.